புறா என்றால் எந்தப் புறா?

பள்ளி வளாகத்தில் பார்த்த பறவைகளை எழுதச் சொன்னால் எல்லாப் பிள்ளைகளின் நோட்டிலும் நான்கு பெயர்கள் இருக்கும்: காகம், மைனா, கிளி, புறா. காகத்தில் இரண்டு வகை உண்டு என்பது சில பிள்ளைகளுக்குத் தெரிந்திருக்கும். புறா மட்டும் எப்போதும் ஒன்றுதான். "எந்தப் புறா?" என்று கேட்டால் "சாம்பல் புறா, வெள்ளைப் புறா" என்று பதில் வரும். ஆனால் தமிழ்நாட்டின் சமவெளிப் பள்ளி ஒன்றில் ஒரு வாரம் கவனித்தால் மூன்று நான்கு வகைப் புறாக்களைப் பார்த்துவிட முடியும்.

நான் ஒரு நடுநிலைப் பள்ளியில் அறிவியல் கற்பிக்கிறேன். பள்ளியைச் சுற்றி மானாவாரி நிலம், வளாகத்தில் வேம்பும் புங்கனும், வேலியோரம் சீமைக்கருவேலம். இரண்டு ஆண்டுகளாக ஆறு, ஏழாம் வகுப்பு மாணவர்களுக்கு உற்றுநோக்கலைப் பழக்கப் புறாக்களையே எடுத்துக்கொண்டேன். அதற்குக் காரணங்கள் உண்டு. புறாக்கள் ஆண்டு முழுவதும் இருப்பவை. வலசை வரும் வரை காத்திருக்க வேண்டாம். திறந்த தரையில் நடந்து இரை பொறுக்குவதால் இருநோக்கி இல்லாமலேயே பார்க்கலாம். வகைகள் மிகக் குறைவு. வேறுபாடுகளோ ஆறாம் வகுப்புக் குழந்தை தானே கண்டுபிடிக்கும் அளவுக்குத் தெளிவானவை. இந்த அனுபவத்தில் பயன்பட்டவற்றை நீங்களும் உங்கள் பள்ளியில் செய்து பார்க்கலாம் என்பதற்காக எழுதுகிறேன்.

மாடப்புறாவைப் பிரித்துவிடுங்கள்

கோவில் கோபுரம், ரயில் நிலையம், பழைய கட்டடம் எனக் கூட்டமாகத் தெரிவது மாடப்புறா. உடல் சாம்பல் நிறம், கழுத்தில் பச்சையும் ஊதாவும் கலந்த மினுமினுப்பு, மடக்கிய இறக்கையில் இரண்டு கறுப்புப் பட்டைகள். பருத்த உடல், குட்டையான வால். வீடுகளில் வளர்க்கும் வெள்ளைப் புறா, கர்ணமடிக்கும் புறா எல்லாம் இதிலிருந்து மனிதர்கள் தேர்ந்தெடுத்து வளர்த்து உருவாக்கியவை. நிறம் பலவாக இருந்தாலும் இனம் ஒன்றே. பத்தாம் வகுப்பில் மரபியல், பரிணாமம் நடத்துபவர்களுக்கு இது கைக்கெட்டும் எடுத்துக்காட்டு. டார்வினே வளர்ப்புப் புறாக்களை வைத்துத்தான் செயற்கைத் தேர்வை விரிவாக விளக்கினார்.

மாடப்புறாவை ஒதுக்கிவிட்டால் மீதி இருப்பவை மெலிந்த உடலும் நீண்ட வாலும் கொண்ட பழுப்புப் புறாக்கள். குழப்பம் இங்கேதான் தொடங்கும்.

கழுத்தைப் பாருங்கள்

இறக்கையின் நிறத்தையும் வாலையும் பிறகு பார்க்கலாம். பழுப்புப் புறா ஒன்றைக் கண்டதும் மாணவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி: கழுத்தில் என்ன இருக்கிறது?

பின்கழுத்தில் கறுப்பின் மேல் வெள்ளைப் புள்ளிகள், சதுரங்கப் பலகை போல அகலமாகத் தெரிந்தால் அது புள்ளிப்புறா. முதுகிலும் இறக்கையிலும்கூட வெளிர்ப்புள்ளிகள் இருக்கும். சுமார் 30 செ.மீ. நீளம். மரங்கள் அடர்ந்த ஊர்கள், தோப்புகள், தோட்டங்கள் இதற்குப் பிடித்த இடங்கள். பறக்கும்போது விரியும் வாலின் இரு ஓரங்களிலும் வெள்ளை தெரியும்.

புள்ளிகள் பின்கழுத்தில் இல்லாமல் முன்கழுத்தில், மார்புக்குச் சற்று மேலே, செம்பழுப்பும் கறுப்புமாகக் கட்டம் போட்டதுபோல் இருந்தால் அது சின்னத் தவிட்டுப்புறா. முதுகில் புள்ளியே இருக்காது. இறக்கையின் ஓரத்தில் நீலச்சாம்பல் நிறம் பளிச்சென்று தெரியும். மைனாவைவிடச் சற்றே நீளம், உடல் மெலிந்தது. வறண்ட நிலம், களத்துமேடு, வீட்டு முற்றம் எங்கும் பயமின்றி நடக்கும். பள்ளிக் கட்டடங்களில் கூடு கட்டுவது பெரும்பாலும் இதுதான்.

உடலில் எங்கும் புள்ளி இல்லை, வெளிறிய மணல் நிறம், பின்கழுத்தில் மட்டும் கறுப்பு மையால் கோடு இழுத்ததுபோல ஓர் அரை வளையம் என்றால் அது கள்ளிப்புறா. மூன்றில் இதுவே பெரியது, சுமார் 32 செ.மீ. வேலிகள், முட்புதர்கள், வயல்கள் அருகே மின்கம்பியில் அமர்ந்திருப்பதைப் பார்க்கலாம்.

அதே அரை வளையம், ஆனால் பறவை மைனா அளவுக்குச் சிறியது, உடல் திராட்சை ரசம் போலச் செந்நிறம், தலை நீலச்சாம்பல் என்றால் அது தவிட்டுப்புறாவின் ஆண். மற்ற மூன்றிலும் ஆணும் பெண்ணும் நம் கண்ணுக்கு ஒரே மாதிரி இருக்கும். தவிட்டுப்புறாவில் மட்டும் ஆண் சிவப்பு, பெண் பழுப்பு. பெண்ணைக் கள்ளிப்புறா என்று நினைத்துவிட வாய்ப்பு அதிகம். உருவத்தின் அளவையும் அருகில் இருக்கும் இணையையும் சேர்த்துப் பார்த்தால்தான் தெளியும்.

சமூக அறிவியல் ஆசிரியர்களுக்கு ஒரு செய்தி. தவிட்டுப்புறாவின் அறிவியல் பெயரின் பிற்பகுதி 'டிராங்குபாரிக்கா'. டிராங்குபார் என்று ஐரோப்பியர் அழைத்த நம் தரங்கம்பாடிதான் அது. 1620 முதல் 1845 வரை டேனியர் வசமிருந்த அந்தக் கடற்கரை ஊரின் பெயரை, பல நாடுகளில் பறந்து திரியும் ஒரு புறா சுமந்துகொண்டிருக்கிறது. டேனிஷ் கோட்டையைப் பற்றிய பாடத்தின்போது இதைச் சொன்னால் பிள்ளைகள் மறக்க மாட்டார்கள்.

ஒரு எச்சரிக்கையையும் இங்கே சொல்ல வேண்டும். இளம் புள்ளிப்புறாவுக்குக் கழுத்தில் சதுரங்கப் பட்டை இருக்காது. வளர்ந்த பிறகுதான் வரும். "பட்டை இல்லை, அதனால் புள்ளிப்புறா இல்லை" என்று ஒரு மாணவி சொன்னால், அவளுடைய தர்க்கம் சரி. அதற்கு அடிப்படையான தகவல்தான் போதவில்லை. அறிவியல் வகுப்பில் பேச வேண்டிய விஷயம் இதுதான்.

காதால் அடையாளம் காணுதல்

புறாக்கள் அலகைத் திறக்காமல், தொண்டையை உப்பவைத்துக் கூவுகின்றன. ஒவ்வொரு வகைக்கும் தனிக் கூவல் உண்டு. கள்ளிப்புறா மூன்று அசையில், நடு அசையை அழுத்திக் "கு-கூஊ-கு" என்று திரும்பத் திரும்பக் கூவும். புள்ளிப்புறா மெதுவாக, தொண்டைக்குள் உருட்டி "குரூ… குக்… குரூ" என்று இழுக்கும். சின்னத் தவிட்டுப்புறாவின் ஒலி ஒருவர் வாய்க்குள்ளேயே சிரிப்பதைப் போலிருக்கும். அதன் ஆங்கிலப் பெயரின் பொருளே 'சிரிக்கும் புறா'தான். தவிட்டுப்புறாவின் ஒலி கரகரப்பானது, வேகமானது.

ஒலியை எழுத்தில் கொண்டுவரும் வேலையை மாணவர்களிடமே விடுங்கள். ஒரே கூவலைக் கேட்டு ஐந்து குழுக்கள் ஐந்து விதமாக எழுதும். எந்த எழுத்து அந்த ஒலிக்கு நெருக்கமாக இருக்கிறது என்று அவர்கள் விவாதிக்கும் பத்து நிமிடம் குறில், நெடில், மாத்திரை பற்றிய இலக்கண வகுப்பாகவும் அமைந்துவிடும். ஆடு மேய்க்கும் குடும்பத்திலிருந்து வரும் ஒரு மாணவன், வகுப்பில் அதிகம் பேசாதவன், கண்ணை மூடிக்கொண்டே எந்தப் புறா எந்தத் திசையில் கூவுகிறது என்று சொன்னான். பெயர் தெரியாமல் "சிரிக்கிறது", "மூணு தடவை கூப்பிடுறது" என்றே அவன் பிரித்து வைத்திருந்தான். அந்த அறிவு அதுவரை அவன் நோட்டில் இடம்பெற வழியே இல்லாமல் இருந்தது.

மாநிலப் பறவை எங்கே?

"தமிழ்நாட்டின் மாநிலப் பறவை எது?" என்றால் மூன்றாம் வகுப்புப் பிள்ளையும் மரகதப்புறா என்று சொல்லிவிடும். அடுத்து, "பார்த்திருக்கிறாயா?" என்று கேளுங்கள். பல கைகள் உயரும். எங்கள் பள்ளியில் அப்படிக் கை உயர்த்தியவர்களிடம் வரையச் சொன்னேன். வந்தவை பெரும்பாலும் மாடப்புறாக்கள். கழுத்தின் பச்சை மினுமினுப்பை மரகதம் என்று எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

மரகதப்புறா காட்டுப் பறவை. இறக்கையும் முதுகும் பளபளக்கும் பச்சை, அலகு பவளச் சிவப்பு. ஆணுக்கு நெற்றியில் வெள்ளை. ஆனைமலை, நீலகிரி போன்ற மலைக்காடுகளில், நிழலான தரையில் நடந்து விதைகளையும் உதிர்ந்த பழங்களையும் தின்னும். கலைத்தால் மரங்களுக்கிடையே தாழ்வாகவும் வேகமாகவும் பறந்து மறையும். சமவெளிப் பள்ளி மாணவர் அதைப் பார்க்காமல் இருப்பது இயல்பு. பார்க்காததைப் பார்த்ததாகச் சொல்வதைப் பொய் என்று கருத வேண்டியதில்லை. சரியான பதிலுக்கு மதிப்பெண் கிடைக்கும் இடத்தில் குழந்தைகள் வேறென்ன செய்வார்கள்? ஆனால் நாம் கவனிக்க வேண்டியது அதைத்தான்.

அன்றிலிருந்து எங்கள் பறவை நோட்டில் இரண்டு பத்திகள் போட்டோம். ஒன்று 'பார்த்தது', மற்றொன்று 'படித்தது அல்லது கேட்டது'. மரகதப்புறா இரண்டாம் பத்திக்குப் போனது. இந்தச் சிறிய கோடு எங்கள் வகுப்பில் செய்த வேலையைப் பெரிய பயிற்சி ஏடுகள் எதுவும் செய்ததில்லை.

பத்து நிமிடத்தில் பார்க்கக்கூடிய நடத்தைகள்

தண்ணீர் குடித்தல்: மரத்தடியில் ஆழமில்லாத மண்சட்டியில் தண்ணீர் வையுங்கள். காகமும் மைனாவும் அலகில் நீரை அள்ளி, தலையை உயர்த்தி விழுங்கும். புறா அலகை நீரில் அமிழ்த்தி, தலையைத் தூக்காமலேயே உறிஞ்சிக் குடிக்கும். இதை முதல் வகுப்புக் குழந்தையும் கண்டுபிடித்துச் சொல்லும்.

தலையசைத்தல்: நடக்கும் புறா தலையை முன்னும் பின்னும் ஆட்டுவதுபோல் தோன்றும். கைபேசியில் மெதுவான வேகத்தில் படம் எடுத்துப் பாருங்கள். தலை முன்னே போய் அப்படியே நிற்கிறது. உடல் அதை எட்டிப் பிடிக்கிறது. மீண்டும் தலை முன்னே போகிறது. தலை நிலையாக இருக்கும் கணத்தில்தான் காட்சி கண்ணில் தெளிவாக விழும். சார்பு இயக்கம் நடத்தும் ஆசிரியருக்கு இதைவிட நல்ல காணொளி கிடைக்காது.

வணங்குதல்: ஆண் புறா கழுத்தை உப்பவைத்து, கூவியபடியே பெண்ணின் முன் தலைதாழ்த்தித் தாழ்த்தி எழும். புள்ளிப்புறா படபடவென்று இறக்கை தட்டிச் செங்குத்தாக மேலே எழும்பி, வாலை விரித்து வளைந்து மிதந்து இறங்கும். இதுவும் இணையைக் கவர்வதற்கான பறத்தலே. பாலைக்கலியில் வெப்பத்தில் வருந்தும் பெடைக்கு மென்சிறகால் ஆறுதல் தரும் புறவு வருகிறது. அந்தப் பாடலை நடத்தும் நாளில், தமிழாசிரியரும் மாணவர்களை வேப்பமரத்தடிக்கு அழைத்துச் செல்லலாம்.

கல் பொறுக்குதல்: விதைகளோடு சிறு மணற்கற்களையும் புறா விழுங்கும். பல் இல்லாத பறவைக்கு அரைவைப்பையில் விதையை அரைக்க உதவும் கற்கள் அவை.

கூடு கட்டினால்

சென்ற மார்ச் மாதம் எங்கள் நான்காம் வகுப்பறையில் டியூப்லைட் பட்டியின் மேல் ஒரு சின்னத் தவிட்டுப்புறா குச்சிகளை அடுக்கியது. புறாவின் கூடு கூடு என்று சொல்ல முடியாத அளவுக்கு எளியது. பத்திருபது குச்சிகள், அவ்வளவுதான். இரண்டு நாளில் இரண்டு வெள்ளை முட்டைகள். கூட்டுக்கு நான்கடி தள்ளி மின்விசிறி. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. விசிறி ஓடினால் பறவை அடிபடும். ஓடாவிட்டால் முப்பது குழந்தைகள் புழுங்க வேண்டும். அகற்றிவிடலாம் என்று சொன்னவர்களும் இருந்தார்கள். அவர்கள் கவலையும் நியாயமானதுதான்.

தலைமையாசிரியரும் வகுப்பாசிரியரும் நானும் கலந்து பேசினோம். காட்டுப் பறவையின் முட்டையையோ கூட்டையோ சேதப்படுத்துவது 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி வேட்டையாடுதலில் அடங்கும் என்பதை எடுத்துச் சொன்னேன். முடிவைப் பிள்ளைகளிடமும் கேட்டோம். காலையில் வகுப்பறை, வெயில் ஏறியதும் வராந்தா, அந்த ஒரு விசிறி மட்டும் நிறுத்தம் என்று முடிவாயிற்று. சுவிட்சின் மேல் ஒரு மாணவி காகிதம் ஒட்டினாள்: "போடாதீர்கள், மேலே குடும்பம்."

அடுத்த நான்கு வாரங்கள் அவர்கள் எழுதிய குறிப்பேடு என்னிடம் இருக்கிறது. காலை வழிபாடு முடிந்து சிறிது நேரத்தில் ஒரு பறவை வரும், உட்கார்ந்திருந்தது எழுந்து போகும். மாலை மணி அடிக்கும் நேரத்தை ஒட்டி மீண்டும் ஆள் மாறும். இரண்டும் ஒரே மாதிரி இருந்ததால் எது தாய், எது தந்தை என்று குழந்தைகளால் சொல்ல முடியவில்லை. "இரண்டு பறவைகள் முறை வைத்து உட்காருகின்றன" என்று 'பார்த்தது' பத்தியில் எழுதினார்கள். புறா இனங்களில் பொதுவாகப் பகலின் நடுப்பகுதியில் ஆணும், மாலை முதல் மறுநாள் காலை வரை பெண்ணும் அடைகாக்கும் என்று நான் சொன்னேன். அதை 'படித்தது' பத்தியில் எழுதினார்கள். அப்படியானால் பள்ளி நேரத்தில் நாம் பார்ப்பது பெரும்பாலும் அப்பாவைத்தான் என்று ஒரு சிறுவன் கணக்குப் போட்டான். "முட்டையில் உட்காருவது அம்மாதானே சார்?" என்று நம்பியிருந்த வகுப்பு அன்று வெகுநேரம் பேசியது.

இரண்டு வாரத்தில் ஒரு முட்டை பொரிந்தது. மற்றொன்று பொரியவில்லை. அதற்கும் வருந்தினார்கள். குஞ்சு மேலும் இரண்டு வாரம் கழித்துப் பறந்தது.

அந்த நாட்களில் நான் விளக்கிய மற்றொரு செய்தி புறாப்பால். முதல் சில நாட்கள் குஞ்சுக்குப் புழுவோ விதையோ கிடையாது. தாய், தந்தை இரண்டின் தீனிப்பைச் சுவரிலிருந்தும் புரதமும் கொழுப்பும் நிறைந்த, தயிர் போன்ற ஒரு பொருள் உதிரும். குஞ்சு பெற்றோரின் வாய்க்குள் அலகை விட்டு அதைப் பெறும். பாலூட்டிகளில் பால் சுரக்கக் காரணமான புரோலாக்டின் என்ற ஹார்மோனே இங்கும் வேலை செய்கிறது. பூநாரைகளும் ஆண் எம்பரர் பென்குயினும் தவிர, வேறு பறவைகளில் இத்தகைய ஏற்பாடு காணப்படுவதில்லை.

குஞ்சு கீழே கிடந்தால்

ஒவ்வொரு பள்ளியிலும் ஒரு குழந்தையாவது புறாக்குஞ்சைக் கையில் ஏந்திக்கொண்டு ஓடிவரும். பசும்பால், அரிசி, பிஸ்கட் எதையும் புகட்டக் கூடாது. புறாப்பாலுக்குப் பசும்பால் ஈடாகாது. வாயில் ஊற்றும் நீர் மூச்சுக்குழலில் இறங்கிக் குஞ்சு இறந்துபோகலாம். சிறகு முளைத்துத் தத்தித் தத்தி நடக்கும் குஞ்சு பறக்கப் பழகுகிறது. பெற்றோர் அருகில்தான் இருப்பார்கள். நாயும் பூனையும் எட்டாத தாழ்ந்த கிளையில் வைத்துவிட்டு விலகி நின்றால் போதும். சிறகு முளைக்காத குஞ்சு என்றால், கூடு எட்டும் உயரத்தில் இருந்தால் பெரியவர் ஒருவர் திரும்ப வைக்கலாம். மனிதக் கை பட்டதால் மட்டும் பெற்றோர் குஞ்சை ஒதுக்கிவிடுவதில்லை. ஆனால் அடைகாக்கும் தொடக்க நாட்களில் அடிக்கடி எட்டிப் பார்த்தால் கூட்டையே கைவிடக்கூடும். தொட்ட பிறகு சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். கூட்டின் கீழே விழும் எச்சத்தை உலர்ந்தபடியே கூட்டாமல், தண்ணீர் தெளித்து ஈரமாக்கி அகற்றுவது நல்லது.

வகுப்பறைக்குச் சில செயல்பாடுகள்

எண்ணும் எழுத்தும் வகுப்புகளில்: பத்து நிமிடம் மரத்தடியில் அமர்ந்து புறாக்களை எண்ணி, கோடு போட்டுக் கணக்கிடலாம். நடக்கிறது, குடிக்கிறது, பறக்கிறது, கூவுகிறது என வினைச்சொற்களைச் சேகரிக்கலாம்.

நான்கு முதல் எட்டாம் வகுப்பு வரை: பறவையின் வெற்றுக் கோட்டுருவம் ஒன்றைக் கொடுத்து, கழுத்துக் குறியை மட்டும் பார்த்தபடி வரையச் சொல்லலாம். பெயரைக் கடைசியில் எழுதட்டும். பெயருக்குப் பக்கத்தில் "எதனால் அப்படிச் சொல்கிறாய்?" என்று ஒரு வரி கட்டாயம் இருக்கட்டும்.

உயர்நிலை, மேல்நிலை வகுப்புகளில்: காலை, நண்பகல், மாலை என ஒரே இடத்தில் ஒரு மாதம் எண்ணி, வகைவாரியாக வரைபடம் தயாரிக்கலாம். பொங்கல் விடுமுறையில் நடைபெறும் பறவைகள் கணக்கெடுப்பில் மாணவர்கள் தங்கள் ஊரிலிருந்தே பங்கேற்கலாம்.

மதிப்பிடும்போது ஒன்றை மட்டும் வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். "தெரியவில்லை, கழுத்து மறைந்திருந்தது" என்று ஒரு மாணவர் எழுதினால் அதற்கு முழு மதிப்பெண் கொடுங்கள். எதைப் பார்த்தோம், எதைப் பார்க்கவில்லை என்று பிரித்துச் சொல்லத் தெரிந்த குழந்தை அறிவியலின் பாதித் தூரத்தைக் கடந்துவிட்டது.

எங்கும் இருப்பதை ஏன் எண்ண வேண்டும்?

"நிறைய இருக்கிறதே, இதை எதற்கு எண்ணுவது?" என்று சில பெற்றோர் கேட்டார்கள். வட அமெரிக்காவில் பயணப்புறா என்றொரு இனம் பல நூறு கோடி எண்ணிக்கையில் வானை மறைத்துப் பறந்தது. வேட்டையாலும் காடழிப்பாலும் குறைந்து, கடைசிப் பறவையான 'மார்த்தா' 1914 செப்டம்பர் 1 அன்று சின்சினாட்டி விலங்குக் காட்சிச்சாலையில் இறந்தது. மறுபுறம் நம் கள்ளிப்புறா, இருபதாம் நூற்றாண்டில் பால்கன் பகுதியிலிருந்து ஐரோப்பா முழுவதும் பரவி, 1955-இல் இங்கிலாந்திலும் கூடு கட்டியது. ஒரே குடும்பத்தில் ஓர் இனம் மறைந்தது, ஓர் இனம் கண்டம் கடந்தது. ஆண்டுதோறும் யாரோ பார்த்து எழுதி வைத்ததால்தான் இரண்டு கதைகளும் நமக்குத் தெரிகின்றன.

உங்கள் பள்ளியில் எத்தனை வகைப் புறாக்கள் இருக்கின்றன என்பதை இதுவரை யாரும் எழுதி வைத்திருக்க மாட்டார்கள். ஒரு நாற்பது பக்க நோட்டும், நடுவில் ஒரு கோடும், வாரம் பத்து நிமிடமும் இருந்தால் உங்கள் மாணவர்கள் அதைத் தொடங்கிவிடலாம். நோட்டை வகுப்பு மாறும்போது அடுத்த வகுப்பினரிடம் ஒப்படைத்துவிடச் சொல்லுங்கள்.